ஙகரத்தில் பிறந்த நிழல்கள்

களுவாஞ்சிகுடி

அன்புள்ள மச்சான்,

உன்ட கடிதம் போன கிழமை கிடைச்சது. இஞ்ச எல்லாரும் சுகம். மழை ஓய்ஞ்சிட்டு, வாவிக்கு மேற்கால படுவான்கரையில வேளாண்மை கதிர் தள்ளிட்டு. மருமகளுக்குப் பொம்பிளைப் பிள்ளை. வீட்டுச் செய்தி இவ்வளவுதான். மத்ததெல்லாம் நான் எழுதுற கதையில வாற, நீ கேட்ட அந்த எழுத்து உலகத்தைப் பற்றி.

"எழுத்திலிருந்து உலகம் உண்டாகுதெண்டா முதல் எழுத்தை எழுதினது ஆர்?" எண்டு கேட்டிருந்தாய். சமயபாட வாத்தியாரைத் திணறடிச்ச வாய் இன்னும் அடங்கல்ல. என்ட கதையில ஒருத்தரும் எழுதல்ல. எழுத்துகள் பக்கத்துப் பக்கத்தில வந்து நிக்கும். நிக்கிற ஒழுங்குதான் பொருளாகும். ஒரு எழுத்துக்கும் தனியாச் சத்தி கிடையாது.

இந்த யோசனை எங்கயிருந்து வந்தது தெரியுமா? அச்சரக்கூட்டிலிருந்து, அதான் மந்திரத் தகட்டைச் சுருட்டி வைச்சுக் கட்டுற தாயத்து. சின்ன வயசில காய்ச்சல் கண்டா, பரிசாரியார், அதான் நாட்டு வைத்தியர், செப்புத்தகட்டில கட்டம் கீறி எழுத்துப் போட்டுச் சுருட்டித் தருவார். மட்டக்களப்பார் மந்திரத்தால ஆளைப் பாயோட ஒட்டவைப்பாங்க எண்டு வெளியூர்ப் பொடியன்மார் பகிடி பண்ணுவாங்களே, அந்தக் காலம். அப்பவே என்ட கண்ணு எழுத்தில இல்ல, கட்டத்திலதான். நமசிவய எண்ட அஞ்செழுத்தையும் இடம் மாத்தி மாத்தி அடுக்கினா 120 விதம் வரும். எழுத்து அதேதான், இடம்தான் வேற.

ஜோன் கொன்வே எண்ட ஆங்கிலேயக் கணித அறிஞர்ர விளையாட்டு ஒண்டு 1970இல வெளியானது. சதுரக் கட்டங்கள், ஒவ்வொண்டும் உயிரோட இருக்கும், இல்லாட்டிச் செத்திருக்கும். உயிருள்ள கட்டத்தைச் சுத்தியுள்ள எட்டில ரெண்டோ மூண்டோ உயிரோட இருந்தா அது தப்பும், குறைஞ்சாலும் கூடினாலும் சாகும். செத்த கட்டத்துக்குச் சரியா மூண்டு அயல் உயிரோட இருந்தா அது பிறக்கும். சட்டம் அவ்வளவுதான். இதில அஞ்சு கட்டம் சேர்ந்த ஒரு உருவம் இருக்கு. நாலு சுற்றில பழைய வடிவத்துக்கே வந்து, ஒரு கட்டம் மூலைப்பக்கமா நகர்ந்து நிக்கும். பேரன் கணினியில போட்டுக் காட்டினான். சாப்பாட்டுக்குக் கூப்பிட்டும் நான் எழும்பல்ல. அது நடக்குது மச்சான்! ஆனா நடக்கிற ஆளெண்டு அங்க ஒண்டும் இல்ல. கட்டங்கள் பத்துது, அணையுது, வேறொண்டும் இல்ல.

சைவ சித்தாந்தக்காரர் எப்பவோ என்னை முந்திட்டாங்க எண்டதையும் சொல்லோணும். அத்துவா எண்டா வழி. அவங்கட ஆறு அத்துவாவில மந்திரம் 11, பதம் 81, வன்னம் எண்ட எழுத்து 51, புவனம் 224, தத்துவம் 36, கலை 5. எழுத்தையும் உலகத்தையும் ஒரே கணக்குப் புத்தகத்தில பதிஞ்ச ஆக்கள்! ஆனா உன்ட கேள்விக்கு அவங்களிட்ட சிவன் இருக்கிறார். எனக்கு அந்த வசதி இல்ல.

இனி என்ட சரக்கு. 18 மெய்யும் அங்க புள்ளியோட கிடக்கும்: பிறக்காத கல்லு, பிறக்காத மீன், பிறக்காத மழை. உயிரெழுத்து வந்து தொட்டாத்தான் அசையும். குறில் தொட்டது கெதியில முடிஞ்சிரும், நெடில் தொட்டது இழுபடும். இதுவரைக்கும் லேசு, ஆரும் யோசிக்கக்கூடியதுதான். எனக்குப் பிடிச்சது ஙகரம். அது தனியாச் சொல்லைத் தொடங்காது, அநேகமாக் ககரத்துக்கு முன்னால ஒட்டிக்கொண்டுதான் நிக்கும். அதால ஙகரத்தில பிறந்ததெல்லாம் தனிய இருக்கேலாத சாதி: நிழல், எதிரொலி, ஆத்தில விழுந்த நிலா. கதையில ஒரு நாள் ககரம் தேயத் தொடங்குது. நிழல்களுக்குப் பிடிச்சு நிக்க ஆளில்ல. முதல்ல இதைக் கண்டுபிடிக்கிறது பண்டிதரும் இல்ல, பூசாரியும் இல்ல. மத்தியான வெயிலில மருத மரத்துக்குக் கீழ ஒதுங்கப் போய், மரம் இருக்க நிழலில்லாமத் திரும்பி வாற வயற்காரன்தான். மறுகா அவன் சொல்லுறதை ஊர் நம்ப வேணுமே, அங்கதான் கதை கொஞ்சம் சூடு பிடிக்குது.

ஆய்தம்தான் இன்னும் வசப்படல்ல. குறிலுக்கும் வல்லினத்துக்கும் நடுவில மட்டும் நிக்கிற எழுத்து. அதை நித்திரை எண்டு வைச்சுப் பார்த்தன், சப்பெண்டு இருக்கு. ரெண்டு ஊருக்கு நடுவில இருக்கிற எல்லை எண்டு வைச்சா, வயற்காரன் அதைத் தாண்டிப் போற அத்தியாயம் ஒண்டு வரும். ஆனா தாண்டினவன் திரும்பி வரலாமா கூடாதா எண்டு சட்டம் போடோணும். நான் கூடாது எண்ட பக்கம். நீ என்ன சொல்றாய்?

முதல் மூண்டு அத்தியாயத்தையும் இதோட வைச்சிருக்கன். மூண்டாவதில பண்டிதர் பேசுற பேச்சு நீளம், தாராளமா வெட்டு. மகள்ர கல்யாணத்துக்கு நாள் வைச்சா உடனே எழுது. இஞ்சயிருந்து பலகாரம் கொண்டுவர ஆள் பிடிக்கோணும். தங்கச்சியைக் கேட்டதாச் சொல்லு.

உன்ட பழைய மச்சான்