ரிமைண்டர் போட்டால் கெடு நீளாது

ஆசிரியர் அவர்களுக்கு,

மத்திய அரசு வேலைக்காக வந்து தில்லியிலேயே தங்கிவிட்ட தமிழ்க் குடும்பங்கள் நிறைய. ஆர்.கே.புரம் மலை மந்திர் முருகன் கோயிலில் ஞாயிற்றுக்கிழமை நாலு பேர் கூடினால் ஒருவருக்காவது சீனியாரிட்டி, ப்ரமோஷன் என்று ஏதாவது மனக்குறை இருக்கும். கேட்டால், ‘மனு கொடுத்திருக்கேன் சார், ரிமைண்டரும் போட்டாச்சு, பதில் வரட்டும் பார்க்கலாம்’ என்பார்கள். இந்தப் ‘பார்க்கலாம்’தான் ஆளைக் கவிழ்க்கிறது.

1985-ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டத்தின் 21-வது பிரிவு சொல்வது இதுதான்: துறையின் இறுதி உத்தரவு வந்தால் அதிலிருந்து ஓராண்டுக்குள் ட்ரிப்யூனலுக்கு, அதாவது அரசு ஊழியர் வழக்குகளை விசாரிக்கும் தீர்ப்பாயத்துக்கு, போக வேண்டும். பதிலே இல்லையா, சரி, மனு கொடுத்து ஆறு மாதம் பாருங்கள், அது முடிந்ததிலிருந்து ஓராண்டு. தக்க காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்கலாம் என்றும் இருக்கிறது, ஆனால் ‘மனு மேல் மனு போட்டுக் காத்திருந்தேன்’ என்பதை யாரும் காரணமாக எடுத்துக்கொள்வதில்லை. திரும்பத் திரும்ப மனு கொடுப்பதால் கெடு நீளாது என்று 1989-லேயே ரத்தோர் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அமர்வு சொல்லிவிட்டது. வேலை போய் ஏறக்குறைய இருபது ஆண்டு கழித்து மனு கொடுத்த தமிழ்நாட்டு ஊழியர் ஜேக்கப்பின் வழக்கில், 2008-ல், பழைய விஷயத்துக்கு இப்போது பதில் வந்துவிட்டது என்பதாலேயே செத்த கோரிக்கைக்கு உயிர் வராது என்றும் தீர்ப்பானது.

ப்ரமோஷன் விஷயத்தில் கோர்ட்டின் கண்டிப்பு எனக்கு நியாயமாகவே படுகிறது. நாம் சும்மா இருந்த காலத்தில் இன்னொருவர் அந்த நாற்காலியில் உட்கார்ந்து, அடுத்த பதவிக்கும் போயிருப்பார், பத்து வருஷம் கழித்து அவரை எப்படி இறக்குவது? இதுவும் தமிழ்நாட்டு வழக்குதான், 1974 சதாசிவசுவாமி தீர்ப்பு: ஆறு மாதம், மிஞ்சினால் ஒரு வருஷத்துக்குள் வந்துவிட வேண்டும்.

பென்ஷன், சம்பள நிர்ணயம் வேறு மாதிரி. மாதாமாதம் குறைத்துக் கொடுப்பது தொடரும் தவறு என்பதால் தாமதமாகப் போனாலும் வழக்கை எடுத்துக்கொள்வார்கள், ஆனால் 2008 தர்சேம் சிங் தீர்ப்புப்படி அரியர்ஸ் பொதுவாக வழக்குப் போட்டதற்கு முந்தைய மூன்று வருஷத்துக்குத்தான். அதற்கு முன்னால் விட்டது விட்டதுதான். ஓய்வுபெற்றவர்களில் பலருக்கு இது தெரியவில்லை.

அரசுக்கும் ஒரு பொறுப்பு இருக்கிறது. தகவல் உரிமைச் சட்டத்தில் தகவல் தர மறுத்தால், யாரிடம், எத்தனை நாளுக்குள் மேல்முறையீடு செய்யலாம் என்பதையும் அந்தப் பதிலிலேயே எழுத வேண்டும் என்று 7(8) பிரிவு சொல்கிறது. ஊழியரின் மனுவை நிராகரிக்கும் கடிதத்திலும் ‘இதை எதிர்த்து இந்தத் தேதிக்குள் ட்ரிப்யூனல் போகலாம்’ என்று ஒரு வரி சேர்த்தால் என்ன செலவு? ஊழியர் சங்கங்கள் முதலில் இதைக் கேட்கட்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
ஆர்.கே.புரம், புது தில்லி