எழுதியவர் பெயரையும் போடுங்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு மலரில் நம் மலேசியத் தமிழ்ப் படங்களைப் பற்றி வந்த கட்டுரையில் இயக்கம், நடிப்பு, ஒளிப்பதிவு எல்லாம் இருந்தன. திரைக்கதையைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. கையில் காசு குறைந்த சுயாதீனப் படத்தைத் தாங்கி நிறுத்துவதே எழுத்துதான்.

2015-இல் வெளிவந்த 'ஜகாட்' படத்தை எழுதி இயக்கியவர் சஞ்சய் குமார் பெருமாள். தலைப்பிலேயே அவருடைய நடை தெரியும். மலாயில் 'ஜஹாட்' என்றால் கெட்டது. நம்மவர் வாயில் அது 'ஜகாட்' ஆனது. அதைத் திருத்தாமல் அப்படியே வைத்தார். 28-ஆவது மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியப் படம் என்ற விருதும் கிடைத்தது.

இப்படி நம் பேச்சையும் வாழ்க்கையையும் உள்ளபடி எழுதுவதில்தான் புதிதாக எழுத வருகிறவர்கள் சறுக்குகிறார்கள். ரப்பர் தோட்டத்தில் காலையில் ஆட்களைப் பெயர் கூப்பிடும் பெரட்டுக் களத்தில் நிற்கும் தண்டல், அதாவது மேற்பார்வையாளர், சென்னைத் தொலைக்காட்சித் தொடர் வசனம் பேசுகிறார். ரப்பர் மரத்தில் பால்வெட்டும் காட்சிக்கு மேலே 'நண்பகல்' என்று போட்டிருக்கிறார்கள். வெயில் ஏற ஏறப் பால் ஓட்டம் குறையும் என்பதால்தானே விடியுமுன் வெட்டப் போகிறார்கள்? மரத்தில் கட்டிய மங்கில், அதாவது பால் பிடிக்கும் கிண்ணத்தில், பால் சொட்டுவதைப் படம்பிடிக்கக் காலையில் சில மணி நேரம்தான் கிடைக்கும். அதற்குள் முடிகிற அளவுக்குத்தான் காட்சி எழுத வேண்டும்.

மழையை எடுத்துக்கொள்ளுங்கள். பட்டை நனைந்தால் வெட்டு இல்லை, வெட்டு இல்லையென்றால் அன்றைய கூலிக்கு அடி. 'ஐயோ, சம்பளம் போச்சே' என்று யாரும் வாய்விட்டுச் சொல்ல வேண்டியதில்லை. தாளில் இவ்வளவு போதும்:

'வெளி. ரப்பர் காடு. விடியற்காலை. பாதி நிறைந்த மங்கு. அதில் ஒரு மழைத்துளி விழுகிறது. இன்னொன்று. வாளியோடு ஒரு பெண் அடுத்த மரத்துக்கு ஓடுகிறாள்.'

'அவள் மனம் உடைந்தாள்' என்று எழுதிவிட்டால் கேமரா எதைப் பார்க்கும்?

திரைக்கதையில் ஒரு பக்கத்துக்குத் திரையில் ஒரு நிமிடம் என்பது ஆங்கிலத்தில் கூரியர் என்ற எழுத்துருவில் 12 அளவு எழுத்துக்குச் சொன்ன கணக்கு. தமிழ் எழுத்து அதிக இடம் பிடிக்கும், அந்தக் கணக்கு இங்கே ஒத்துவராது. கடிகாரத்தை வைத்துக்கொண்டு வாய்விட்டுப் படித்துத்தான் அளக்க வேண்டும். 90 நிமிடப் படத்துக்கு ஆறேழு இடங்களுக்கு மேல் வேண்டாம். ஒவ்வொரு முறை இடம் மாறும்போதும் சாமான்களைக் கட்டி, ஏற்றி, இறக்குவதிலேயே பொழுது போய்விடும். இரவு வெளிக்காட்சி என்றால் ஜெனரேட்டர், விளக்கு, கூடுதல் ஆள். அதையே லயத்து (தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டு) வாசலில் ஒற்றை பல்புக்குக் கீழே எழுதினால் செலவும் குறையும், முகமும் தெளிவாகத் தெரியும். வசனம் நீண்டால் திரைக்கு அடியில் வரும் மலாய் வசனவரி ஓடி முடிவதற்குள் காட்சி மாறிவிடும் என்பதையும் எழுதும்போதே நினைக்க வேண்டும்.

அடுத்த விமர்சனத்திலிருந்து, இயக்குநர் பெயருக்குப் பக்கத்தில் திரைக்கதை எழுதியவர் பெயரையும் போடுங்கள். படத்தில் ஏதாவது ஒரு காட்சியை எடுத்து, அது எப்படி எழுதப்பட்டிருக்கிறது என்று நாலு வரியாவது பேசுங்கள்.

அன்புடன்,
ஒரு வாசகர்,
சுங்கை சிப்புட், பேராக்