கழற்றி மாட்ட முடிந்த போன்

அன்புள்ள சேகர்,

உன் கடிதம் கிடைத்தது. மகளுக்குத் திருச்சியிலேயே கல்லூரியில் இடம் கிடைத்ததில் இங்கே எல்லோருக்கும் மகிழ்ச்சி. எனக்கு மூட்டுவலி தேவலை. கடையை மட்டும் இரவு எட்டு மணிக்கே அடைத்துவிடுகிறேன்.

போன வாரம் ஒரு நெல் வியாபாரி தன் பழைய பொத்தான் போன் நோக்கியா 1100-ஐப் பழுதுபார்க்கக் கொண்டுவந்தார். சில பொத்தான்கள் வேலை செய்யவில்லை. பின்மூடியைத் தள்ளி, பேட்டரியை எடுத்து, முன்மூடியை நகத்தாலேயே நெம்பினேன். எண்கள் எல்லாம் ஒரே ரப்பர் விரிப்பில் இருக்குமே, அதைச் சோப்புத் தண்ணீரில் அலசித் துணியால் ஒற்றினேன். அடியில் இருந்த தகட்டைத் தின்னர் தொட்ட பஞ்சால் துடைத்தேன். எல்லாப் பொத்தான்களும் பழையபடி பேசத் தொடங்கின. கூலி கேட்கவே மனம் வரவில்லை, சேகர். அவ்வளவு சந்தோஷமாக இருந்தது.

2003-இல் அது வந்தபோது நாம் பார்த்துப் பார்த்து வியந்தது நினைவிருக்கிறதா? பொத்தான் இடுக்கில் புழுதி புகாது. வியர்த்த கையிலும் வழுக்காது. மின்சாரம் போனால் தலையில் இருக்கும் டார்ச் போதும், அடுப்படி வரை போய் வரலாம். நம்மைப் போன்றவர்களை மனதில் வைத்து யாரோ உட்கார்ந்து யோசித்திருக்கிறார்கள். உலகம் முழுவதும் 25 கோடிக்கு மேல் விற்றதில் ஆச்சரியம் இல்லை. வரும் அழைப்புக்குக் காசு இல்லை என்றானதும் அதே ஆண்டில்தான். அதன் பிறகு ‘மிஸ்டு கால்’ கொடுத்தே குடும்பம் நடத்தினோம்: ஒரு முறை மணி அடித்தால் பஸ் ஏறிவிட்டேன், இரண்டு முறை அடித்தால் வீடு வந்துவிட்டேன்.

2006-இல் ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா ஆலை வந்ததும், சீருடை போட்ட பெண்கள் விடியற்காலையில் கம்பெனி பஸ்ஸுக்கு நிற்பார்களே. 2014-இல் அது மூடப்பட்டபோது எத்தனை வீடுகளில் வருமானம் நின்றது! அதை இன்றும் என்னால் சாதாரணமாக நினைக்க முடியவில்லை.

இப்போது கடைக்கு வருபவை எல்லாம் பசை போட்டு ஒட்டியவை. பேட்டரி மாற்றவே பின்கண்ணாடியைச் சூடு காட்டிப் பிரிக்க வேண்டும். கண்ணாடியில் விரிசல் விட்டால் பிள்ளைகள் முகம் வாடிவிடுகிறது. காசு கொடுத்து வாங்கிய பொருளை வாங்கியவன் திறக்கக்கூடாது என்பது எந்த ஊர் நியாயம்? ஐரோப்பிய ஒன்றியம் 2023-இல் பேட்டரிகளுக்கென்று ஒரு சட்டம் கொண்டுவந்திருக்கிறது. 2027 பிப்ரவரி முதல் கையடக்கக் கருவிகளின் பேட்டரியைப் பயன்படுத்துகிறவரே கழற்றி மாற்ற வழி இருக்க வேண்டுமாம். விலக்குகளும் உண்டு. ஆனாலும் படித்தபோது நெஞ்சு நிமிர்ந்தது. நம் நாட்டிலும் வர வேண்டும்.

ஒரு உதவி. அடுத்த முறை சென்னைக்குப் போனால் எலக்ட்ரானிக்ஸ் கடைகள் நிறைந்த ரிச்சி தெருவில் 1100-க்கு முன்மூடி கிடைக்குமா என்று பார். அந்த வியாபாரியின் மூடி ஓரத்தில் விரிசல் விட்டிருக்கிறது. கிடைத்தால் இரண்டாக வாங்கு. அதில் போடும் பிஎல்-5சி பேட்டரி வேண்டாம். அதே பேட்டரியை எஃப்எம் ரேடியோக்களுக்காக இங்கேயே விற்கிறார்கள்.

தங்கைக்கு என் அன்பைச் சொல்.

அன்புடன்,
மணி