தெர்சிட்டிஸின் பேச்சையும் சொல்லுங்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த கிரேக்கக் காவியக் கட்டுரை, ஹோமரின் இலியட்டில் கிரேக்கப் படையினனாக வரும் தெர்சிட்டிஸை ‘அடிவாங்கிய வாயாடி’ என்று ஒரே வரியில் கடந்துவிட்டது. அவன் பேசியதை விட்டுவிட்டுப் பட்ட அடியை மட்டும் சொல்வது நியாயமாகாது.

ட்ராய் நகர்மீது கிரேக்கர் தொடுத்த போர் தொடங்கி 9 ஆண்டுகள் கழிந்த நிலையில், படையினரின் மனத்தைச் சோதிக்க விரும்பிய தலைமை அரசன் அகமெம்னன் ஊர் திரும்பலாம் என்று சொல்ல, அவர்கள் கப்பல்களை நோக்கி ஓடுகிறார்கள். தடுக்க வந்த கிரேக்கத் தலைவர்களில் ஒருவனான ஒடிசியஸ், எதிர்ப்பட்டவர் தலைவராக இருந்தால் இன்சொல் கூறுகிறான். எளிய வீரனாக இருந்தால் அகமெம்னனின் செங்கோலால் அடித்து விரட்டுகிறான். எல்லோரும் அடங்கி அமர்ந்த பின்னும் பேச்சை நிறுத்தாதவன் தெர்சிட்டிஸ் ஒருவனே. நகரங்களை வென்று நாங்கள் கொடுத்த வெண்கலமும் பெண்களும் உன் கூடாரத்தில் நிறைந்திருக்க, உனக்கு இன்னும் என்ன குறை என்று அரசனையே கேட்கிறான். தன்னைவிடச் சிறந்த வீரனான அக்கிலிஸை அகமெம்னன் அவமதித்ததையும் எடுத்துச் சொல்கிறான். போரின் பாரம் என் கைகளில், பெரும்பங்கு மட்டும் உனக்கா என்று முதற்காண்டத்தில் அக்கிலிஸ் கேட்டதும் இதைத்தானே? நாய்முகத்தவன் என்றுகூட அரசனை ஏசிய அக்கிலிஸை யாரும் தொடவில்லை; முதியவர் நெஸ்டர் சமாதானம் பேசினார். தெர்சிட்டிஸின் முதுகிலோ, ஒடிசியஸ் ஓங்கிய அரசனின் அதே செங்கோல் பட்டு இரத்தம் கன்றித் தடித்தது.

ஹோமருக்கு அவன்மேல் பரிவு இருந்ததாகத் தெரியவில்லை. வளைந்த கால், கூனிய தோள், கூம்பிய தலை என்று உருவத்தைப் பழிக்கிறார். அக்கிலிஸையும் ஒடிசியஸையும் ஓயாமல் வைதவன் என்கிறார். தந்தை பெயரையும் ஊரையும் சொல்லவேயில்லை. ஆயினும் அவன் பேச்சைச் சிதைக்காமல் முழுமையாகத் தந்திருக்கிறார். அவன் அழுததைக் கண்டு படையினர் சிரித்தபோது, அவர்கள் மனம் வருந்தியிருந்தும் சிரித்தார்கள் என்று எழுதியிருக்கிறார். அந்த வருத்தம் கட்டுரையாளரின் கண்ணில் படாமல் போனதே எனக்குப் பெருங்குறையாகத் தோன்றுகிறது.

பின்வந்த காவியமொன்று, அக்கிலிஸின் கையாலேயே அவன் மாண்டதாகக் கூறுகிறது. கி.பி. 4ஆம் நூற்றாண்டின் கிரேக்க நாவலர் லிபானியஸ் அவனைப் புகழ்ந்தே ஓர் உரை எழுதினார். கட்டுரைத் தொடர் நூலாகும்போது, 2ஆம் காண்டத்தில் உள்ள அவனது பேச்சு முழுவதையும் தமிழில் சேர்க்குமாறு வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்