குளத்து மீனையும் எழுதுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

சமையல் பக்கத்தில் மீன் என்றால் எப்போதும் பாரை, அறக்குளா என்று கடல் மீன்கள்தான். இரணைமடுக் குளத்துப் பக்கம் இருக்கும் எங்களுக்கு லேசாகக் கிடைப்பது ஜப்பான் மீன், அதாவது திலாப்பியா. பெயர்தான் ஜப்பான், ஆபிரிக்காவைச் சேர்ந்த இந்த மீனை 1952இல் இலங்கைக்குக் கொண்டுவந்தார்கள். சேற்று மணம் என்று என் மகள் தொடவே மாட்டாள். போன கிழமை மாவில் தோய்த்துப் பொரித்தேன், நான்கு துண்டு சாப்பிட்டாள்.

முள் நீக்கிய சதையில் உப்பும் தேசிக்காய்ப் புளியும் பிரட்டிப் பத்து நிமிடத்தில் கழுவி, நன்றாகத் துடைக்க வேண்டும். ஈரம் நின்றால் மா பிடிக்காது, எண்ணெயும் தெறிக்கும். கோதுமை மா 2 பங்கு, அரிசி மா 1 பங்கு, மஞ்சள், மிளகுத்தூள், உப்பு. கரைக்கக் குளிர்ந்த சோடா. கரைத்த கையோடு பொரியுங்கள். வைத்திருந்தால் சோடாவின் காற்றுப் போய் மொறுமொறுப்பு வராது. ஒரு சொட்டு மா விட்டால் உடனே பொங்கி மேலே வர வேண்டும், அதுதான் எண்ணெயின் பதம்.

மீனோடு சாப்பிட உருளைக்கிழங்கு பொரிக்கலாம் என்றால், அதன் விலைக்கு எங்கே போவது? வளவில் மரவள்ளி இருக்கிறது. தோல் உரித்து, மெல்லியதாகச் சீவிப் பொரித்தேன். மரவள்ளியோடு இஞ்சி கூடாது என்பார் அம்மா, அதனால் மீன் மாவிலும் இஞ்சி சேர்க்கவில்லை. சலாட்டுக்கு வல்லாரை, தக்காளி, சின்ன வெங்காயம், தேசிப்புளி. தேங்காய்ப்பூ போட்டால் சம்பலாகிவிடும், அப்புறம் மகள் சோறு கேட்பாள்.

விராலுக்கும் இப்படி ஒரு செய்முறை போடுங்கள், ஐயா.

வாசகி ஒருவர்,
கிளிநொச்சி