மணல் வண்டி பிடிக்கும் அதிகாரிகளுக்கு: பிடித்த கையோடு கோர்ட்டுக்கு எழுதிவிடுங்கள்

மதிப்பிற்குரிய காவல் துறை, கனிமத் துறை அதிகாரிகளுக்கு,

வணக்கம். பெங்களூரு கே.ஆர்.புரம் பக்கம் ஒரே ஒரு டிப்பரை வைத்துப் பிழைப்பு நடத்துகிறவன் நான். சொந்த ஊர் திருவண்ணாமலை மாவட்டம். அப்பா காலத்திலேயே இங்கே வந்துவிட்டோம்.

ஆற்று மணல் கடத்தியதாகச் சொல்லி என் வண்டியைப் பிடித்து வைத்திருக்கிறார்கள். லோடில் இருந்தது கழுவிய எம்-சாண்ட், அதாவது கல்லை உடைத்துச் செய்த மணல். கிரஷரில் கொடுத்த பர்மிட் டிரைவர் கையில் இருந்தது. ஆனால் நெரிசல் நேரத்தில் கனரக வண்டியை நகருக்குள் விடமாட்டார்கள் அல்லவா? ஹொஸ்கோட்டே அருகே ஓரங்கட்டிக் காத்திருந்ததில் பர்மிட்டில் போட்டிருந்த நேரம் தாண்டிவிட்டது. உள்ளே விடாததும் அரசு, நேரம் தாண்டியது என்று பிடிப்பதும் அரசு. சரி, அந்த வழக்கைக் கோர்ட்டில் பார்த்துக்கொள்கிறோம். நான் எழுத வந்தது வண்டியைப் பற்றி.

மணல் திருட்டே இல்லை என்று வாதாட வரவில்லை. பாலாறும் தென்பெண்ணையும் பிறக்கிற நந்தி மலைச் சீமை இது. ஆறு போதாதென்று, மண்ணை அள்ளித் தண்ணீர் விட்டுக் கழுவி ‘ஃபில்டர் மணல்’ என்று விற்றவர்களை உங்களைவிட எங்களுக்கு நன்றாகத் தெரியும். அவர்களைப் பிடியுங்கள். 1957ஆம் ஆண்டு கனிமச் சட்டத்தின் 21ஆம் பிரிவு அதற்கு அதிகாரம் தருகிறது. ஆனால் வண்டியை ஒரேயடியாக அரசு எடுத்துக்கொள்ளக் கோர்ட் உத்தரவு வேண்டும் என்று சொல்வதும் அதே பிரிவுதான். உத்தரவு வரும்வரை அது என் வண்டி.

அந்த வண்டி இப்போது எப்படி நிற்கிறது தெரியுமா? லோடை இறக்கவில்லை. மழை குடித்த மணலின் பாரத்தில் பின்பக்க ஸ்பிரிங் பட்டைகள் வளைந்து கிடக்கின்றன. மணல்மேல் புல் முளைத்துவிட்டது. வெயில் படும் பக்கத்து டயர்களில் வெடிப்பு. தொட்டியைத் தூக்குகிற ஜாக்கியிலிருந்து ஆயில் கசிந்து தரையில் கறுப்பாகப் படிந்திருக்கிறது. பேட்டரி இருந்த இடத்தில் இரண்டு ஒயர்தான் தொங்குகிறது. கேட்டால் யாருக்கும் தெரியவில்லை. மாதத் தவணை மட்டும் தவறாமல் ஓடுகிறது.

பிடித்த வண்டிகளை ஸ்டேஷன் வாசலில் நெடுநாள் போட்டு வைப்பதில் பயனில்லை, தகுந்த பத்திரமும் ஜாமீனும் வாங்கிக்கொண்டு விடலாம் என்று உச்ச நீதிமன்றம் 2002லேயே சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் சொல்லிவிட்டது. 2024 ஜூலையில் அமலுக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ். இதற்குக் கெடுவே வைத்திருக்கிறது. 497ஆம் பிரிவின்படி, பொருள் கோர்ட்டின்முன் வந்த 14 நாளுக்குள் அதன் விவரப் பட்டியல் தயாராக வேண்டும். படமும் எடுக்க வேண்டும். அதிலிருந்து 30 நாளுக்குள் அதை என்ன செய்வது என்று உத்தரவு போட வேண்டும்.

நல்ல சட்டம்தான். ஆனால் கெடு எப்போது ஓட ஆரம்பிக்கிறது? வண்டி பிடிபட்ட தகவல் கோர்ட்டுக்குப் போன பிறகுதானே! உடனே மாஜிஸ்திரேட்டுக்குத் தெரிவிக்க வேண்டும் என்று அதே சட்டத்தின் 106ஆம் பிரிவு சொல்கிறது. அந்த ஒரு தாள்தான் நகரமாட்டேன் என்கிறது. ஸ்டேஷனில் கேட்டால் ‘கனிமத் துறை ரிப்போர்ட் வரணும்’ என்கிறார்கள். துறையில் கேட்டால் ‘எஃப்.ஐ.ஆர். போட்டது போலீஸ், அங்கே கேளுங்க’. திருட்டு வழக்கென்றால் மாஜிஸ்திரேட் கோர்ட், கனிமச் சட்டமென்றால் சிறப்பு நீதிமன்றம். இதில் எங்கே மனு போடுவது என்று வக்கீல்களே இரண்டு விதமாகச் சொல்கிறார்கள். இரண்டு பக்கமும் கடைசி வார்த்தை ஒன்றுதான்: ‘நாளே பா’, நாளைக்கு வா.

அபராதம் கட்டிச் சமரசமாகப் போகலாமே என்பீர்கள். கனிமச் சட்டத்தின் 23ஏ பிரிவில் அதற்கும் வழி உண்டு. ஆனால் அது கனிமச் சட்டக் குற்றத்தோடு சரி, திருட்டு வழக்கு அப்படியே நிற்கும் என்று உச்ச நீதிமன்றமே 2020இல் சொல்லியிருக்கிறது. கடன் வாங்கி அபராதத்தைக் கட்டிவிட்டு வண்டி வரும் என்று காத்திருந்தவர்களை எங்கள் ஸ்டாண்டிலேயே பார்க்கலாம்.

வண்டியைச் சும்மா விடுங்கள் என்று கேட்கவில்லை. பிடித்த அன்றே எடை போடுங்கள். நான்கு பக்கமும் படம் எடுங்கள். மணலில் மாதிரி எடுத்து சீல் வையுங்கள். ஆற்று மணலா, உடைத்த கல்லா என்பதை லென்ஸ் வைத்துப் பார்க்கிற புவியியலாளர் உங்களிடமே இருக்கிறார். அதற்கு ஒரு பிடி மணல் போதும், முழு லோடும் வண்டிமேலேயே இருக்க வேண்டியதில்லை. பேட்டரி, டயர், டீசல் அளவு எல்லாம் வண்டி பிடித்ததற்கு எழுதுகிற மகஜரில் ஏறட்டும். அப்புறம் எந்தப் பிரிவு, எந்தக் கோர்ட், தகவல் அனுப்பிய தேதி எது என்று ஒரு தாளில் எழுதிக் கையெழுத்துப் போட்டு டிரைவரிடம் கொடுங்கள். மீதியை நாங்கள் கோர்ட்டில் பார்த்துக்கொள்கிறோம்.

தாளைக் கன்னடத்திலேயே எழுதுங்கள், ஒன்றும் சிரமமில்லை. பிள்ளைகள் இங்கே பள்ளியில் படித்தவர்கள், வாசித்துச் சொல்வார்கள்.

இப்படிக்கு,
கே.ஆர்.புரத்து டிப்பர்காரன்