அதே தாமரை, அதே யானை

ஆசிரியருக்கு வணக்கம்.

செல்ஃபி மோகத்தைக் கிண்டலடித்த உங்கள் ஞாயிறு கட்டுரை படித்தேன். சிரித்தேன், சரி. ஆனால் தன்னைத் தானே படம் பிடித்துக்கொள்வது வெறும் அலட்டல்தானா?

பெங்களூருக் கலைஞர் புஷ்பமாலாவைப் பற்றி ஒரு வரியாவது சேர்த்திருக்கலாம். சிற்பம் படித்தவர், அப்புறம் தன் உடம்பையே களிமண்ணாக்கிக்கொண்டார். புகைப்படக் கலைஞர் கிளேர் ஆர்னியுடன் சேர்ந்து 2000 முதல் 2004 வரை தென்னிந்தியப் பெண்களின் படங்களை வரிசையாகத் திரும்ப நடித்துக் காட்டினார். ரவிவர்மாவின் லட்சுமியாக அவர் நிற்கும் படத்தைப் பார்த்ததும் எனக்குத் திக்கென்றது. எங்கள் பூஜையறையில் சாம்பிராணிப் புகை படிந்து தொங்கும் அதே லட்சுமி! அதே தாமரை, அதே யானை. ஆனால் பின்னால் இருப்பது தீட்டிய திரை, முன்னால் நிற்பது வேஷம் கட்டிய ஒரு பெண் என்பது பளிச்சென்று தெரிகிறது. தெரியட்டும் என்றுதான் விட்டிருக்கிறார்.

இன்னொரு படத்தில் கட்டம் போட்ட துணிக்கு முன்னால் நிற்கிறார். வெள்ளைக்கார அதிகாரிகள் அந்தமான் பழங்குடிகளை அப்படித்தான் நிற்கவைத்து, அளந்து படமெடுத்தார்கள். அளக்கப்பட்டவர்களிடம் யாரும் சம்மதம் கேட்டிருக்கமாட்டார்கள். இங்கே அந்த இடத்தில் தானாகப் போய் நிற்கிறார் புஷ்பமாலா. கேமராவை வெறித்த அந்தப் பார்வையில் பணிவு இல்லை.

என் மகளிடம் காட்டினேன். "இதுவும் செல்ஃபிதானேப்பா?" என்றாள். பதில் சொல்லத் தெரியவில்லை.

ஒரு வாசகர்,
திருச்சி